திக்கிக் கதைக்கிற பிள்ளைக்கு வீட்டில் என்ன செய்யலாம்?

என் தங்கச்சியின் மகன் மூன்றரை வயதில் திடீரென்று என்னை 'அன்டி' என்று கூப்பிடத் தொடங்கினான். அதுவரை 'பெரியம்மா'தான். வெள்ளவத்தை வீட்டில் இது பெரிய கதையாகிவிட்டது. "ஒழுங்கையில போற வாற எல்லாரையும் கூப்பிடுற மாதிரி, சொந்தப் பெரியம்மாவை அன்டியாம்! நேசரிக்கு விட்ட வினை" என்று அம்மா முணுமுணுத்தார். கொழும்புப் பிள்ளைகள் இப்படித்தான் என்று நானும் விட்டுவிட்டேன்.

ஒரு நாள் குசினியில் நிற்கும்போது பின்னாலிருந்து "பெ... பெ... பெ..." என்று கேட்டது. திரும்பிப் பார்த்தால், கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு நிற்கிறான். பிறகு "அன்டி" என்று முடித்தான். அப்போதுதான் விளங்கியது. அவனுக்கு ஆங்கில மோகம் ஒன்றுமில்லை. 'பெ'யில் வாய் ஒட்டிக்கொள்கிறது, 'அ' வழுக்கிக்கொண்டு போகிறது. அவ்வளவுதான். யாரும் சொல்லிக்கொடுக்காமலே சுற்றுவழி ஒன்றைக் கண்டுபிடித்திருக்கிறான். அதற்கு நாங்கள் அவனை ஏசியிருக்கிறோம்.

ஊர்ப்பேச்சில் இதைக் கொன்னை தட்டுவது என்பார்கள். புத்தகத் தமிழில் திக்குவாய். எனக்கு இரண்டுமே பிடிப்பதில்லை, இரண்டும் சீக்கிரம் பட்டப்பெயராகிவிடும். 'திக்கிக் கதைக்கிறான்' என்றால் அவன் செய்கிற ஒன்று. 'திக்குவாயன்' என்றால் ஆளே அதுதான் என்றாகிவிடுகிறது.

முதலில் எது திக்கல், எது இல்லை என்று பார்ப்போம். சின்னப் பிள்ளைகள் எல்லாருமே தடுமாறித்தான் கதைப்பார்கள். "நான் வந்து, நான் வந்து, அப்பா கடைக்குப் போனவர், இல்லை, அம்மா போனவ" என்று சொல்லைத் திருப்பிச் சொல்வதும் வசனத்தை மாற்றிப் போடுவதும் மொழி பழகுகிற வேலையின் ஒரு பகுதி. அதற்குப் பயப்பட வேண்டாம். திக்கல் வேறு விதம். சொல்லின் முதல் ஒலி துண்டு துண்டாக வரும்: "ப-ப-ப-பந்து". அல்லது ஒலி இழுபடும்: "ம்ம்ம்ம்மாமா". மூன்றாவது வகையைத்தான் பலரும் கவனிப்பதில்லை. வாய் சொல்லுக்குத் தயாராக நிற்கும், சத்தம் மட்டும் வராது. பார்க்கிறவர்கள் பிள்ளை யோசிக்கிறது என்று நினைப்பார்கள். உண்மையில் சொல்ல வேண்டியது முழுவதும் தொண்டைக்குப் பின்னால் வரிசையில் நிற்கிறது. கொஞ்ச நாள் போனால் கண் சிமிட்டுவது, தலையை ஆட்டுவது, காலைத் தட்டுவது எல்லாம் சேர்ந்துகொள்ளும். அந்தச் சொல்லை உந்தித் தள்ளப் பிள்ளை எடுக்கும் முயற்சிகள் அவை.

தமிழ்ப் பிள்ளைகளுக்கென்று ஒரு தந்திரமும் உண்டு. 'அது வந்து' என்று தொடங்குவது. நாங்கள் எல்லாரும் சொல்கிற சொல்தான், ஆனால் ஒவ்வொரு வசனத்துக்கும் முன்னால் அது வந்தால், கஷ்டமான முதல் ஒலியை ஏறிக் கடக்கப் போட்ட படிக்கட்டாக இருக்கலாம். அப்புறம், வயது ஏற ஏறச் சொல் மாற்றுவதில் கெட்டிக்காரர்களாகிவிடுவார்கள். 'தண்ணி' வராது என்றால் 'குடிக்கத் தாங்கோ'. ஆனால் சொந்தப் பெயருக்கு மாற்றுச்சொல் கிடையாது. அதனால்தான் பெரியவர்களில்கூடப் பலர் தங்கள் பெயரைச் சொல்லும் இடத்தில் மிக மோசமாகத் திக்குகிறார்கள்.

இது அபூர்வமான விஷயமும் இல்லை. பொதுவாக 2 வயதுக்கும் 5 வயதுக்கும் இடையில், பிள்ளை நீண்ட வசனங்கள் கதைக்கத் தொடங்கும் காலத்தில்தான் தொடங்கும். நூற்றுக்கு 5 பிள்ளைகளாவது ஏதோ ஒரு கட்டத்தில் திக்குவார்கள் என்பது பழைய கணக்கு. மெல்பேர்னில் 1,600க்கு மேற்பட்ட பிள்ளைகளைத் தொடர்ந்து கவனித்து 2013இல் வெளியான ஆய்வில், 4 வயதுக்குள் திக்கத் தொடங்கியவர்கள் நூற்றுக்கு 11 பேர். தொடங்குகிறவர்களில் ஏறத்தாழ முக்கால்வாசிப் பேருக்கு அது போய்விடும். பெரியவர்களில் நூற்றுக்கு ஒருவர் அளவில் மிஞ்சுகிறார்கள், அவர்களில் ஆண்களே அதிகம். ஆனால் 'போய்விடும்' என்பதற்கு 'அடுத்த மாதம் போய்விடும்' என்று அர்த்தமில்லை. அதே ஆய்வில், தொடங்கி ஒரு வருடத்துக்குள் விடுபட்டவர்கள் மிகச் சிலரே. நாட்கணக்கில் காணாமல் போய்த் திரும்பி வருவதும் வழக்கம். ஒரு கிழமை நன்றாகக் கதைத்துவிட்டு மறு கிழமை திக்கினால், பிள்ளை வேண்டுமென்று செய்கிறது என்று நினைத்துவிடாதீர்கள்.

சரி, ஏன் வருகிறது? எங்கள் வீட்டில் மட்டும் ஐந்து காரணங்கள் சொன்னார்கள். நேசரியில் வேறு பிள்ளையைப் பார்த்துப் பழகினான். தங்கச்சி வேலைக்குப் போகிறாள். மூன்று மொழி கேட்டுக் குழம்பிவிட்டான். இடது கையால் சாப்பிட்டவனை வலது கைக்கு மாற்றினார்கள். தூக்கத்தில் பயந்தான். ஐந்தும் இல்லை. பேச்சுக்கான தசைகளை நேரம் தவறாமல் இயக்குகிற மூளைப் பாதைகள் இந்தப் பிள்ளைகளில் சற்று வித்தியாசமாக அமைந்திருக்கின்றன. அதில் பரம்பரைக்குப் பெரிய பங்குண்டு. 2010இல் அமெரிக்க ஆய்வாளர்கள் பாகிஸ்தானியக் குடும்பங்களை ஆராய்ந்து, திக்கலோடு தொடர்புள்ள மூன்று மரபணுக்களைக் கண்டார்கள். இதைக் கேட்ட பிறகுதான், கண்டியில் இருந்த ஒரு பெரிய மாமா ஏன் கலியாண வீடுகளில் வாயே திறக்காமல் பாக்கு வெட்டிக்கொண்டே இருந்தார் என்று அம்மாவுக்கு ஞாபகம் வந்தது.

பயத்தால் திக்கல் வருவதில்லை. பயத்தால் கூடும், அது வேறு. பள்ளிக்கூடத்தில் எழுந்து நிற்கும்போது கூடும், களைப்பில் கூடும், பிறந்தநாள் குதூகலத்திலும் கூடும். பூனையோடு கதைக்கும்போது குறையும். பாடும்போதும் பலரோடு சேர்ந்து ஒரே குரலில் சொல்லும்போதும் அநேகமாக இருக்காது. எங்கள் பையன் வெள்ளிக்கிழமை கோயிலில் தேவாரம் முழுவதையும் ஒரு தட்டுத் தடங்கலில்லாமல் பாடுவான். அதைப் பார்த்த ஒருவர், "பாட வருமெண்டால் கதைக்க ஏன் வராது? பிடிவாதம்" என்றார். பாட்டில் அடுத்த சொல்லும் தெரியும், தாளமும் வெளியிலிருந்து வருகிறது. கதைக்கும்போது இரண்டையும் அந்தக் கணத்தில் பிள்ளையேதான் உண்டாக்க வேண்டும்.

பெற்றோரைக் குற்றம் சொல்கிற வழக்கம் நம் ஊருக்கு மட்டும் உரியதல்ல. அமெரிக்காவின் அயோவா பல்கலைக்கழகத்தில் வெண்டல் ஜோன்சன் என்று ஓர் அறிஞர் இருந்தார். அவரே திக்கிக் கதைத்தவர். திக்கல் பிள்ளையின் வாயில் தொடங்குவதில்லை, பெற்றோரின் காதில்தான் தொடங்குகிறது என்பது அவருடைய கொள்கை. சாதாரணத் தடுமாற்றத்தைப் பெற்றோர் பெரிதுபடுத்தி, பெயர் வைத்து, பிள்ளையைப் பயமுறுத்தி வரவைக்கிறார்கள் என்றார். 1939இல் அவருடைய மேற்பார்வையில் ஒரு மாணவி, அநாதை இல்லத்துப் பிள்ளைகள் 22 பேரை வைத்து இதைச் சோதித்தார். நன்றாகக் கதைத்த பிள்ளைகளில் சிலரிடம், உங்களுக்குத் திக்கல் தொடங்குகிறது, கவனமாக இருங்கள் என்று திரும்பத் திரும்பச் சொன்னார்கள். நிரந்தரத் திக்கலை அதனால் உண்டாக்க முடியவில்லை. ஆனால் அந்தப் பிள்ளைகள் வாய் திறக்கவே கூச்சப்படத் தொடங்கினார்கள். சக ஆய்வாளர்களே இதற்கு 'அரக்கப் பரிசோதனை' என்று பெயர் வைத்தார்கள். பல்கலைக்கழகம் மன்னிப்புக் கேட்டது 2001இல். 2007இல் அந்த மாநிலம் நட்டஈடு கொடுத்தது.

அந்தக் கொள்கை போய்விட்டது, ஆனால் அதன் வால் இன்னும் இருக்கிறது. 'கண்டுகொள்ளாதீங்கோ, சொன்னால் கூடும்' என்று இன்றும் கேட்கிறோமே, அது அங்கிருந்து வந்ததுதான். தங்கச்சி பல மாதம் தன்னைத்தானே நொந்துகொண்டிருந்தாள். அவளுக்கு நான் சொன்னதை இங்கேயும் சொல்கிறேன். சட்டி சுடுவதற்கு சட்டி பிடிக்கிற துணி காரணமில்லை, ஆனால் இறக்குவதற்கு அதுதான் தேவை. வீட்டார் கதைக்கிற விதம் திக்கலுக்குக் காரணமில்லை. ஆனால் இதில் நாம் கை வைக்கக்கூடிய இடம் அதுதான். பிள்ளையின் மூளைப் பாதையை நம்மால் மாற்ற முடியாது, நம்முடைய வேகத்தை மாற்றலாம்.

அதைச் செய்யத் தொடங்கியபோதுதான் எங்கள் வீடு எவ்வளவு வேகமாகக் கதைக்கிறது என்று தெரிந்தது. காலி வீதிப் பக்கத்து அடுக்குமாடி வீடு. வெளியே பஸ் நடத்துநர் "கோட்டை, கோட்டை" என்று கத்துவார், உள்ளே டிவி, அதற்கு மேலால் அம்மா, அதற்கும் மேலால் நான். இதற்குள் ஒரு நாலு வயதுப் பிள்ளை தன் முறையைப் பிடிக்க வேண்டும். வீதியில் வாகனத்தை நுழைப்பது போலத்தான்.

செய்தது பெரிதாக ஒன்றுமில்லை. அவனிடம் "மெதுவாச் சொல்லு" என்று சொல்வதை நிறுத்திவிட்டு நாங்கள் மெதுவாகக் கதைத்தோம். நீட்டி முழக்கி அல்ல, வசனங்களுக்கிடையில் ஒரு மூச்சு விட்டு. அவன் சொல்லி முடித்த பிறகு ஒரு கணம் பொறுத்துப் பதில் சொன்னோம். அவசரமில்லை என்பதை அந்த ஒரு கணம் சொல்லிவிடுகிறது. இதுதான் மிகக் கஷ்டமாக இருந்தது, ஏனென்றால் எங்கள் குடும்பத்தில் ஒருவர் மூச்சு விட்டால் அடுத்தவர் புகுந்துவிடுவார். கேள்விகளைக் குறைத்தோம். "இண்டைக்கு என்ன படிச்சனீ? யாரோட விளையாடினனீ? சாப்பிட்டியா?" என்று வாசலிலேயே மூன்று கேள்வி வைப்பதற்குப் பதிலாக, "மழையில நல்லா நனைஞ்சிட்டாய் போல" என்று ஒன்றைச் சொல்லிவிட்டுச் சும்மா இருந்தால், கதை தானாக வருகிறது.

அதைவிட முக்கியம் சொல்லை முடித்துக்கொடுக்காமல் இருப்பது. அன்பால்தான் செய்கிறோம். ஆனால் பிள்ளை 'பனங்கிழங்கு' என்று சொல்ல நிற்கும்போது நாம் 'பனங்கற்கண்டு' என்று எடுத்துக்கொடுத்தால் அது இரட்டைத் தண்டனை. பிள்ளை 'அது இல்லை' என்று மறுத்து, முதலிலிருந்து தொடங்க வேண்டும். நம் முகமும் கதைக்கும் என்பதை மறந்துவிடுகிறோம். திக்கும்போது வேறு பக்கம் பார்ப்பதையும், உதட்டைக் கடித்துக்கொண்டு காத்திருப்பதையும் பிள்ளை பார்க்கிறது. வழக்கம்போல் கண்ணைப் பார்த்து, சொல்கிற விதத்தை விட்டு சொல்கிற விஷயத்தைக் கேளுங்கள். தினமும் ஐந்து நிமிடம் போனையும் டிவியையும் விட்டுப் பிள்ளையோடு தரையில் இருந்து, அது சொல்கிற விளையாட்டை விளையாடுங்கள். அந்த ஐந்து நிமிடத்தில் போட்டிக்கு வேறு குரல் இருக்காது.

பிள்ளை தானாகவே உணர்ந்துவிட்டால் மூடி மறைக்க வேண்டாம். "என்ர வாய் வேலை செய்யேல்லை" என்று ஒரு நாள் அழுதான். தங்கச்சி, "ஓம் ராசா, அந்தச் சொல் கொஞ்சம் ஒட்டிக்கொண்டுது. சில நேரம் அப்படித்தான். நான் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறன்" என்றாள். விழுந்து முழங்கால் உரசினால் எப்படிச் சொல்வோமோ அப்படி. வீட்டில் யாரும் பேசாத விஷயம் வெட்கப்பட வேண்டிய விஷயம் என்று பிள்ளை விளங்கிக்கொள்ளும்.

மொழி விஷயத்தில் கொழும்பில் எல்லாரும் ஒரே ஆலோசனை சொல்வார்கள். வீட்டில் தமிழ், கடையில் சிங்களம், வகுப்பில் ஆங்கிலம், பாவம் பிள்ளை, ஒன்றை விட்டுவிடுங்கள் என்று. விடுகிறது எது என்று பார்த்தால் அநேகமாகத் தமிழாகத்தான் இருக்கும். பல மொழி கேட்டு வளர்வதால் திக்கல் வருகிறது என்பதற்கு ஆதாரமில்லை. திக்குகிற பிள்ளை பொதுவாகத் தனக்குத் தெரிந்த எல்லா மொழியிலும் திக்கும், ஒன்றில் கூடக் குறைய இருக்கலாம். அம்மம்மாவோடு கதைக்கிற மொழியைப் பறித்துவிட்டால் பிள்ளைக்கு நிம்மதியாகக் கதைக்க ஓர் ஆள் குறைவதுதான் மிச்சம்.

நாக்கில் வசம்பு தடவுவது, வாயில் கூழாங்கல் போடுவது எல்லாம் சொல்வார்கள். சின்னப் பிள்ளையின் வாயில் கல்லைப் போடாதீர்கள், தொண்டைக்குள் போய்விடும். நேர்த்திக்கடன் வைப்பதால் தீங்கில்லை. அதற்காகக் கிளினிக்கை ஒத்திப்போடாமல் இருந்தால் சரி.

எப்போது போவது? ஆறு மாதத்துக்கு மேல் நீடித்தால், குடும்பத்தில் வேறு யாருக்கும் இருந்திருந்தால், மூன்றரை வயதுக்குப் பிறகு தொடங்கியிருந்தால், பிள்ளை முகத்தை இறுக்கிக்கொண்டு முயன்றால் அல்லது கதைப்பதையே குறைத்துக்கொண்டால், காத்திருக்க வேண்டாம். பேச்சு சிகிச்சையாளரைத்தான் பார்க்க வேண்டும். காது மூக்கு தொண்டை வைத்தியரிடம் நாக்கின் கீழ் வெட்டச் சொல்லிப் போகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். நாக்குக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. பொரளை லேடி ரிட்ஜ்வே சிறுவர் வைத்தியசாலையில் பேச்சு சிகிச்சைப் பிரிவு இருக்கிறது, அரசாங்க வைத்தியசாலை என்பதால் காசு இல்லை. நம் நாட்டில் இந்தத் துறையைப் பட்டப்படிப்பாகக் கற்பிப்பது களனிப் பல்கலைக்கழகத்தின் ராகம மருத்துவ பீடம். தமிழில் சிகிச்சை தரக்கூடியவர்கள் குறைவு, தேடித்தான் பிடிக்க வேண்டும். கிடைக்காவிட்டாலும் போங்கள். சின்ன வயதில் சிகிச்சையின் பெரும்பகுதி பெற்றோருக்குத்தான் கற்றுக்கொடுக்கப்படுகிறது. வீட்டில் தமிழில் செய்யப்போவது நீங்கள்.

அந்தச் சிகிச்சையில் இரண்டு பாதை உண்டு. ஒன்று நான் மேலே சொன்னதுபோல் வீட்டுச் சூழலை இலகுவாக்குவது. மற்றது அவுஸ்திரேலியாவின் சிட்னியில் உருவான லிட்கம் முறை. ஆறு வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்கு உரியது. பிள்ளை திக்காமல் சொன்ன நேரங்களைப் பெற்றோர் பாராட்டுவார்கள், எப்போதாவது ஒருமுறை திக்கியதை மெதுவாகச் சுட்டுவார்கள். பழைய 'கண்டுகொள்ளாதே'க்கு நேர் எதிர். ஆனால் பாராட்டு அளவு தப்பினால் பிள்ளைக்குப் பரீட்சை எழுதுவது போலாகிவிடும், ஆகவே சிகிச்சையாளர் இல்லாமல் தொடங்க வேண்டாம். நெதர்லாந்தில் 199 பிள்ளைகளை வைத்து இரண்டு முறைகளையும் ஒப்பிட்டு 2015இல் முடிவு வெளியிட்டார்கள். 18 மாதத்துக்குப் பிறகு இரண்டு பக்கமும் ஏறத்தாழ முக்கால்வாசிப் பிள்ளைகள் திக்காமல் கதைத்தார்கள். எது நல்லது என்று சண்டை பிடிக்கத் தேவையில்லை, உங்கள் சிகிச்சையாளருக்கு எது நன்றாக வருமோ அது.

சிலருக்குப் போகாது. அதையும் சொல்லத்தான் வேண்டும். பழைய இலங்கைச் சதக் காசில் தலை இருக்கிற ஆறாம் ஜோர்ஜ் மன்னர் திக்கிக் கதைத்தவர். 1926 முதல் லயனல் லோக் என்பவரிடம் பயிற்சி எடுத்தும் முழுதாகப் போகவில்லை, திக்கிக்கொண்டே வானொலியில் உரை நிகழ்த்தினார். பிள்ளை பெரிதாகும்போது, திக்காமல் கதைப்பதைவிட திக்கினாலும் சொல்ல வந்ததைச் சொல்வதே சிகிச்சையின் இலக்காகலாம். அதில் எனக்கு எந்தக் குறையும் தெரியவில்லை.

பள்ளிக்கூடத்தில் வகுப்பு டீச்சரை வருடத் தொடக்கத்திலேயே பாருங்கள். வரவு கூப்பிடும்போது எல்லாப் பிள்ளைகளும் கையை உயர்த்தினால் போதும் என்று வைக்கலாமா, சத்தமாக வாசிக்க வேண்டியதை இரண்டு பேராகச் சேர்ந்து வாசிக்க விடலாமா என்று கேளுங்கள். சேர்ந்து வாசித்தால் திக்கல் குறையும் என்று பல டீச்சர்மாருக்குத் தெரியாது, சொன்னால் ஆச்சரியப்படுவார்கள். பிள்ளையைக் கேட்காமல் விலக்கு வாங்கிக்கொடுக்க வேண்டாம். எங்கள் பையன் பேச்சுப்போட்டியில் சேர்ந்தே தீருவேன் என்று நின்றான். நக்கல் அடிக்கிற பிள்ளைகளுக்கு, "ஓம், நான் திக்குவன், அதுக்கென்ன?" என்று சொல்ல வீட்டில் நடித்துப் பழக்கினோம். தங்கச்சி நக்கல் அடிக்கிற பிள்ளையாக நடித்தாள், கொஞ்சம் நன்றாகவே நடித்தாள்.

கிளினிக்குக்குப் போகும்போது ஒன்றை மறக்காதீர்கள். சிகிச்சையாளருக்கு முன்னால் பல பிள்ளைகள் ஒரு சொல்கூடத் திக்காமல் கதைத்து நம்மைப் பொய்யராக்கிவிடும். அதனால் வீட்டில் விளையாடும்போதே போனில் ஒரு வீடியோ எடுத்துக்கொண்டு போங்கள். நாங்களும் சாப்பாட்டு மேசையில் வைத்து இரண்டு நிமிடம் எடுத்துக்கொண்டு போனோம். சிகிச்சையாளர் பார்த்துவிட்டு, திரும்பப் போட்டு, "இந்த முறை மகனை விடுங்கோ. நீங்க எத்தனை தரம் இடையில வாறீங்க எண்டு எண்ணுங்கோ" என்றார். ஒன்பது. அம்மாவுடையது ஐந்து, என்னுடையது நாலு. அம்மா இன்றுவரை அதை ஒத்துக்கொள்ளவில்லை, தனக்கு மூன்றுதான் என்கிறார்.